மௌனப்படத்தில் ஒரு வீட்டுப்பெண்

(வானொலி இலக்கியத் தொடரில் ஒலித்த உரையின் எழுத்து வடிவம்)



இலக்கியத் தொடரில் சினிமாவைப் பற்றிப் பேசலாமா என்று சிலர் ஐயுறக்கூடும். கதை சொல்லும் கலை எதுவாயினும் அது இலக்கியத்துக்கு உறவுதான். அதிலும், பேச்சே இல்லாமல் முகத்தையும் கையையும் நடையையும் மாத்திரம் நம்பிக் கதை சொன்ன மௌனப்படம், கூத்தும் நாட்டியமும் அறிந்த எமக்கு அந்நியமானதன்று.

1921 ஆம் ஆண்டில் யப்பானில் ஒரு மௌனப்படம் வெளிவந்தது. 'ரோஜோ நோ ரெய்கோன்' என்பது அதன் பெயர். 'வீதியில் ஆன்மாக்கள்' என்று தமிழில் சொல்லலாம். இயக்கியவர் மினோரு முராத்தா. நகரத்துக்குப் போய் இசைக் கலைஞனாக முயன்று தோற்றுப்போன ஒரு மகன், மனைவியையும் நோயுற்ற குழந்தையையும் கூட்டிக்கொண்டு, மலைப்பகுதியிலுள்ள தந்தையின் வீட்டுக்குத் திரும்பி வருகிறான். தந்தை ஏற்க மறுக்கிறார். அந்தப் பனிக்காலத்தில் அதே பாதையில் சிறையிலிருந்து விடுதலையான இருவரும் பசியோடு நடந்து வருகிறார்கள். திருடப்போன இடத்தில் அகப்பட்ட அவர்களுக்கு ஒரு காவற்காரன் மன்னிப்பையும் உணவையும் கொடுக்கிறான். பெற்ற தந்தையிடம் கிடைக்காத இரக்கம், முன்பின் அறியாதவனிடம் கிடைக்கிறது. மகன் பனியிலே இறந்து கிடக்கிறான். கதை இவ்வளவுதான். வாள் வீச்சு இல்லை, அரச குலம் இல்லை, தெய்வம் இல்லை. அடுத்த வீட்டில் நடக்கக்கூடிய ஒரு துயரம். யப்பானியத் திரைக்கலையில் அன்றாட வாழ்க்கை கலையாக மாறிய தொடக்கங்களுள் ஒன்றாக இப்படத்தை வரலாற்றாசிரியர்கள் போற்றுகின்றனர்.

இதே பத்தாண்டில் எமது கடலுக்கு அப்பால், திருவிதாங்கூரிலே, இன்னொரு மௌனப்படம் உருவானது. அதுவும் வீட்டை விட்டுப் பிரிந்த ஒரு மகனின் கதை. அதுவும் சாதாரண மனிதர்களின் கதை. அதன் பெயர் 'விகதகுமாரன்', அதாவது காணாமற்போன பிள்ளை. யப்பானியப் படத்தை இன்றும் பார்க்கலாம். விகதகுமாரனின் ஒரு சட்டம் கூட இன்று உலகில் இல்லை. அந்தப் படத்தைப் பற்றியும், அதில் ஒரு வீட்டுப்பெண்ணாக நடித்ததற்காக ஊரை விட்டே ஓடவேண்டியிருந்த ஒரு பெண்ணைப் பற்றியும்தான் இன்று பேச விரும்புகிறேன்.

முதலில் அந்தக் காலத்தை மனதில் இருத்திக்கொள்ள வேண்டும். 1913 இல் பால்கே 'ராஜா ஹரிச்சந்திரா' எடுத்தபோது, சந்திரமதியாக நடிக்க ஒரு பெண்ணும் முன்வரவில்லை. சலுங்கே என்ற ஆண்தான் அந்த வேடத்தைப் போட்டார். இது எமக்குப் புதுமையன்று. மட்டக்களப்பு, அம்பாறைக் கரையோரத்து வடமோடி, தென்மோடிக் கூத்துக்களிலே திரௌபதியும் சுபத்திரையும் ஆண்களாலேயே ஆடப்பட்டு வந்தனர். யப்பானிலும் நெடுங்காலம் அப்படித்தான். 'வீதியில் ஆன்மாக்கள்' வெளிவந்த காலந்தான், யப்பானியத் திரையில் ஆண்கள் பெண்வேடம் போடும் வழக்கம் ஒழிந்து, பெண்களே பெண்களாகத் தோன்றத் தொடங்கிய காலம்.

தென்னிந்தியாவிலே முதற் கதைப்படத்தை எடுத்தவர் ஆர். நடராஜ முதலியார். மோட்டார் வாகன உதிரிப்பாக வியாபாரத்திலிருந்து வந்தவர். சென்னையில் அவர் எடுத்த படம் 'கீசகவதம்'. பாரதக் கதை. அவருக்குப் பின் வந்தோரும் பெரும்பாலும் பாரதத்தையும் இராமாயணத்தையும் பக்தர் சரித்திரங்களையுமே நாடினர். அதற்குக் காரணம் உண்டு. படத்தில் பேச்சில்லை. பார்ப்பவர்களில் பெரும்பாலோர் எழுத்தறியாதவர்கள். அவர்களுக்கு ஏற்கனவே தெரிந்த கதையென்றால், கீசகன் யார், பீமன் யார் என்று எவரும் விளக்க வேண்டியதில்லை. தெரியாத இடத்தை விளக்கவும், எழுத்து அட்டைகளை வாசித்துச் சொல்லவும் திரைக்கருகே ஒருவர் நிற்பார். யப்பானிலே 'பென்ஷி' என்று அழைக்கப்பட்ட இத்தகைய உரையாளர்கள், நடிகர்களைவிடப் புகழ் பெற்றிருந்தனர்.

புராணப் படங்களில் பெண்கள் நடிக்க வந்தபோது, அவர்களிற் பலர் ஆங்கிலோ-இந்தியரும் யூதருமாக இருந்தனர். ரூபி மேயர்ஸ் என்பவர் 'சுலோசனா' ஆனார். ரெனீ ஸ்மித் 'சீதா தேவி' ஆனார். பேஷன்ஸ் கூப்பர் என்ற ஆங்கிலோ-இந்தியப் பெண் தமயந்தியாக நடித்தார். பார்த்தவர்கள் கைகூப்பினரேயன்றிக் கல்லெறியவில்லை. தமயந்தியாக நடித்தவரின் பிறப்பு என்ன என்று கேட்டு எவரும் திரையைக் கிழிக்கவில்லை. நேயர்களே, இந்தச் செய்தியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னர் இது எமக்குத் தேவைப்படும்.

விகதகுமாரனை எடுத்தவர் ஜே. சி. டானியல். 'பஞ்சமர்' நாவலைத் தந்த எங்கள் கே. டானியலோடு இவரைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். ஆயினும் இருவர் கதையிலும் சாதியின் நிழல் விழுவது தற்செயலன்று. ஜே. சி. டானியல் 1900 இல் பிறந்தவர். கன்னியாகுமரிக்கு அண்மையிலுள்ள அகத்தீஸ்வரம் அவரது ஊர். அன்று அது திருவிதாங்கூர் சமஸ்தானத்தின் தமிழ்ப் பகுதி. அவர் பிறந்தது கிறிஸ்தவ நாடார் குடும்பம். அந்தச் சமூகத்துப் பெண்கள் மேலாடை அணியும் உரிமைக்காகப் பல பத்தாண்டுகள் போராடி, 1859 இல் அரச பிரகடனத்தின் மூலம் ஓரளவு உரிமையைப் பெற்ற வரலாறு தென் திருவிதாங்கூருக்கு உண்டு. உடையே உரிமையாக இருந்த ஊரிலிருந்து வந்த ஒருவர், உடையும் வேடமும் உயிராக உள்ள ஒரு கலையை நாடினார்.

தொழிலால் அவர் பல்வைத்தியர். களரி முதலிய போர்க்கலைகளில் ஈடுபாடு மிக்கவர்; வாள்வீச்சைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு நூலும் எழுதியவர். இந்தக் கலைகளை உலகறியச் செய்யச் சினிமாவே ஏற்ற வழி என்று முதலில் எண்ணினார். சென்னைக்கும் பின் பம்பாய்க்கும் சென்று தொழிலைக் கற்றார். நிலத்தை விற்றுப் பணம் திரட்டிக் கமராவும் பிற கருவிகளும் வாங்கினார். திருவனந்தபுரத்தின் பட்டம் என்ற பகுதியிலே 'திருவிதாங்கூர் நஷனல் பிக்சர்ஸ்' என்ற படப்பிடிப்பு நிலையத்தை 1926 இல் நிறுவினார். காரைதீவு தந்த சுவாமி விபுலாநந்தர், நாடக இலக்கணத்தையும் சேக்ஸ்பியரின் நாடகங்களையும் ஆராய்ந்து 'மதங்க சூளாமணி'யை வெளியிட்டதும் அதே ஆண்டில்தான். தமிழர் நாடகத்தைப் பற்றிப் புதிதாகச் சிந்தித்த காலம் அது.

கதை எழுதியவர், இயக்கியவர், கதாநாயகனாக நடித்தவர் எல்லாம் டானியல்தான். சிறுவனாக நடித்தவன் அவருடைய மகன். வில்லனாக நடித்த ஜோன்சன், பிற்காலத்தில் தமிழ்ப் படங்களில் நடித்த பி. எஸ். சரோஜாவின் தந்தை. புராணங்களையே எல்லோரும் எடுத்துக்கொண்டிருந்தபோது, முதற் படத்திலேயே சமூகக் கதையை எடுக்கத் துணிந்தார் என்பதுதான் டானியலின் சிறப்பு.

அந்தக் கதை எமக்கு மிக அண்மையில் வருகிறது. திருவிதாங்கூரிலே செல்வந்தர் ஒருவரின் மகன் சந்திரகுமாரன். பூதநாதன் என்ற வில்லன் சிறுவனைக் கடத்திக்கொண்டு போகிறான். எங்கே தெரியுமா? எங்கள் இலங்கைக்கு. பெற்றோர் தேடித் தேடிக் களைக்கின்றனர். பிள்ளை இங்கே ஒரு தோட்டத்தில் கூலியாக வளர்கிறான். ஆங்கிலேயத் தோட்டத்துரை அவன்மீது அன்பு கொள்கிறார். காலப்போக்கில் அவனே துரையின் பதவிக்கு உயர்கிறான். இந்த நேரத்தில் ஜயச்சந்திரன் என்ற தூரத்து உறவினன் இலங்கைக்கு வருகிறான். அதே பூதநாதனிடம் பொருளைப் பறிகொடுத்துத் தவிக்கும் அவனுக்குச் சந்திரகுமாரன் நண்பனாகிறான். இருவரும் திருவிதாங்கூர் செல்கின்றனர். அங்கே ஜயச்சந்திரன், சரோஜினி என்ற பெண்ணைக் காதலிக்கிறான். அவள் சந்திரகுமாரனின் சொந்தத் தங்கை. ஆனால் அது எவருக்கும் தெரியாது. வில்லன் அவளையும் கடத்த முயல, நண்பர்கள் காப்பாற்றுகிறார்கள். முடிவில் சந்திரகுமாரனின் முதுகிலுள்ள தழும்பைக் கண்டு, இவனே காணாமற்போன பிள்ளை என்று குடும்பம் அறிந்துகொள்கிறது.

திருவிதாங்கூர்க் கதை ஒன்று இலங்கைக்கு வந்தது ஏன்? அக்காலத்தில் தென்னிந்தியக் குடும்பங்களுக்கு இலங்கை என்பது பிள்ளைகள் போய்த் திரும்பாத ஊர். தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்குக் கப்பல் ஓடியது. 1914 இலிருந்து தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே புகையிரதத்தோடு இணைந்த கப்பற்சேவை நடந்தது. கங்காணி கூட்டிப்போன ஆட்கள் மலையகத்து லயங்களில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தனர். 'காணாமற்போன பிள்ளை' என்றதும் பார்ப்பவர்களின் மனம் தானாகவே இலங்கையை நினைத்திருக்கும். ஆனால் லயத்துக் கூலி தோட்டத்துரை ஆவது படத்தில் மாத்திரம் நடக்கக்கூடியது. உண்மையில் நடந்தது வேறு. 1948 ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் மலையக மக்களை நாடற்றவர்களாக்கியது. 1964 ஒக்டோபரில் கையெழுத்தான சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்புவதென்று எண்ணிக்கை போட்டது. அவர்கள் திரும்பிப் போனபோது, தழும்பைப் பார்த்து இனங்கண்டு கட்டித் தழுவ அங்கே பெரும்பாலும் எவரும் இருக்கவில்லை.

இனி அந்தத் தங்கை சரோஜினியின் வேடத்துக்கு வருவோம். கதைப்படி அவள் நாயர் குலத்துப் பெண். வசதியான குடும்பத்து வீட்டுப்பெண். அந்த வேடத்துக்கு முதலில் பம்பாயிலிருந்து ஒரு நடிகையை ஒழுங்கு செய்ய டானியல் முயன்றார். அது சரிவரவில்லை. உள்ளூரிலே தேடியபோது கிடைத்தவர் பி. கே. ரோசி. பெற்றோர் வைத்த பெயர் ராஜம்மா. புலையர் சமூகத்தைச் சேர்ந்த ஏழைப் பெண். புல் அறுத்து விற்றுப் பிழைத்தவர். 'காக்காரிசி நாடகம்' என்ற நாட்டார் அரங்கில் நடித்துப் பயின்றவர். காக்காரிசி என்பது தென் திருவிதாங்கூரிலே தமிழும் மலையாளமும் கலந்த மொழியில் ஆடப்படும் கூத்து. சிவனும் பார்வதியும் குறவர் கோலத்திலே பூமிக்கு வந்து ஊர் நியாயம் பேசுவார்கள். அந்த அரங்கிலும் பெண்வேடத்தை ஆண்களே போட்டு வந்தனர். அங்கே ஒரு பெண் துணிந்து ஏறினார் என்பதே பெரிய செய்தி. விகதகுமாரனில் நடிக்க ரோசிக்கு நாளொன்றுக்கு 5 ரூபாவாகப் பத்து நாட்களுக்குச் சம்பளம் பேசப்பட்டதாகப் படத்தின் வரலாற்றை எழுதியோர் கூறுகின்றனர்.

படம் திருவனந்தபுரம் கப்பிட்டல் படமாளிகையிலே திரையிடப்பட்டது. அந்த ஆண்டு 1928 என்று நெடுங்காலம் எழுதப்பட்டு வந்தது. 1930 ஒக்டோபர் என்று பிந்திய ஆய்வாளர்கள் கூறுகின்றனர். தொடக்கி வைத்தவர் வழக்கறிஞர் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை. நகரத்தின் பெரிய மனிதர்கள் கூடியிருந்தனர். திரையில் நாயர் வீட்டுப் பெண்ணாக ரோசி தோன்றினார். நாயகன் அவள் கூந்தலிலுள்ள பூவை முத்தமிடும் காட்சி வந்தது. கூட்டம் பொறுக்கவில்லை. கல்லெறிந்தார்கள். திரையைக் கிழித்தார்கள். தான் நடித்த படத்தை ஒருமுறையேனும் கண்ணாற் பார்க்கும் பேறு ரோசிக்குக் கிடைக்கவில்லை. அவருடைய குடிசைக்கும் தீ வைக்கப்பட்டதாகச் சொல்லப்படுகிறது. ஊரை விட்டு ஓடிய அவர் ஒரு லொறியில் ஏறித் தமிழ்ப் பகுதிக்கு வந்து சேர்ந்தார்.

இப்பொழுது, முன்னர் நினைவில் வைத்திருக்கச் சொன்ன செய்திக்கு வருவோம். ஆங்கிலோ-இந்தியப் பெண் தமயந்தியாக நடித்தால் கோபம் வரவில்லை. புலையர் குலப் பெண் நாயர் வீட்டுப் பெண்ணாக நடித்தால் கோபம் வந்தது. தமயந்தியோ புராணத்தின் அரசகுமாரி. அப்படியிருக்க இது ஏன்?

தமயந்தி எவருடைய தெருவிலும் வாழ்பவள் அல்லள். அவள் வேடத்தை யார் போட்டாலும் அது வேடந்தான். சரோஜினி அப்படியல்ல. கப்பிட்டல் படமாளிகையில் அமர்ந்திருந்தவர்களின் வீட்டுப் பெண்ணைப்போல அவள் உடுத்தாள், நடந்தாள், பூச்சூடினாள். அந்த நடையும் உடையும் பூவும் பிறப்பால் வந்தவை என்று அவர்கள் நம்பியிருந்தனர். புல் அறுக்கும் ஒரு பெண், சில நாள் ஒத்திகையிலே அத்தனையையும் கற்றுத் திரையில் குறையில்லாமல் செய்து காட்டினால், அவை பிறப்பால் வந்தவை அல்ல என்று ஆகிவிடுகிறது அல்லவா? கூட்டம் கல்லெறிந்தது அந்த உண்மையின்மீதுதான் என்பது என் கருத்து. அன்றாட வாழ்க்கையைக் கலையாக்குவது புராணத்தைக் கலையாக்குவதைவிட எளிது என்று நாம் நினைக்கிறோம். ரோசியின் கதை அதற்கு மாறானதைச் சொல்கிறது. யார் யாருடைய வீட்டு வாழ்க்கையை வாழலாம் என்ற கேள்வியைச் சமூகப்படம் மட்டுமே கேட்க முடியும். அதனால் அது ஆபத்தானது.

அந்தக் காலத்துத் திருவிதாங்கூரை நினைத்தால் இது இன்னும் தெளிவாகும். புலையர் சமூகத்து மக்கள் பொது வீதியில் நடக்கும் உரிமைக்காகவே அய்யன்காளி 1893 இல் மாட்டுவண்டியில் ஏறிப் போராட வேண்டியிருந்தது. வைக்கத்திலே கோயிலைச் சுற்றியுள்ள வீதிகளுக்காக 1924, 1925 ஆம் ஆண்டுகளில் சத்தியாக்கிரகம் நடந்தது. திருவிதாங்கூர்க் கோயில்கள் எல்லோருக்கும் திறந்துவிடப்பட்டது 1936 நவம்பர் 12 இல். ஆகவே, ரோசி திரையில் நாயர் வீட்டுக்குள்ளே நடமாடிய அந்நாளிலே, உண்மையில் அவர் நுழைய முடியாத இடங்கள் அந்நகரத்தில் ஏராளம்.

இதை அயலூர்க் கதை என்று நாம் ஒதுக்கிவிட முடியாது. எங்கள் நாட்டில் மாவிட்டபுரம் ஆலயப் பிரவேசப் போராட்டம் நடந்தது 1968 இல். தேநீர்க் கடைகளிலே சமமாக இருந்து குடிப்பதற்கும் போராட வேண்டியிருந்தது. சைவ மரபிலே வளர்ந்தவன் என்ற முறையில் இதைச் சொல்லும் பொறுப்பு எனக்கு உண்டு. கல்முனையிலும் மருதமுனையிலும் சாய்ந்தமருதிலும் நிந்தவூரிலும் இவ்வுரையைக் கேட்கும் முஸ்லிம் நண்பர்கள், ஒரே வரிசையில் தோளோடு தோள் நின்று தொழுகின்ற வழக்கமுடையவர்கள். அவர்களுக்கு இந்தக் கல்லெறி இன்னும் வியப்பாக இருக்கலாம். ஆயினும், 'இந்த வேலை இன்னாருக்கு, இந்த வீடு இன்னாருக்கு' என்று மனிதரைப் பிறப்பால் அளக்கும் பழக்கம் ஏதோ ஒரு வடிவத்தில் எல்லாச் சமூகங்களிலும் எட்டிப் பார்ப்பதுதான்.

ரோசி பின்னர் என்ன ஆனார்? அவரை ஏற்றி வந்த லொறியின் சாரதி நாயர் குலத்தவர். அவரையே ரோசி மணந்தார். நாகர்கோவிலிலே 'ராஜம்மாள்' என்ற பெயரோடு, கணவன் சமூகத்துப் பெண்ணாகவே வாழ்ந்து மறைந்தார். தான் சினிமாவில் நடித்தவள் என்பதை அவர் பேசியதில்லை. பிள்ளைகளுக்கே அது பற்றி அதிகம் தெரிந்திருக்கவில்லை என்கிறார்கள். திரையில் எந்த வேடத்தைப் போட்டதற்காகக் கல்லெறிந்தார்களோ, அந்த வேடத்தையே அவர் வாழ்நாள் முழுதும் வீட்டுக்குள்ளே வாழ்ந்து காட்டினார். அயலார் எவரும் கண்டுபிடிக்கவில்லை. மௌனப்படத்தின் நாயகி தன் வாழ்க்கை முழுவதும் மௌனமாக இருந்ததற்குக் கொடுத்த விலை, தன் பெயரும் தன் உறவும் தன் கலையும்.

டானியலும் தப்பவில்லை. படம் கொல்லம், ஆலப்புழை முதலிய நகரங்களில் ஓடியது. ஆலப்புழையில் திரையில் படம் மங்கியபோது சனங்கள் கூச்சலிட்டதாகவும், இது நம்மவர் எடுத்த முதற் படம், குறைகள் இருக்கும் என்று அறிவிப்பாளர் எடுத்துச் சொன்னதும் கைதட்டி வரவேற்றதாகவும் ஒரு செய்தி உண்டு. ஒரே படத்துக்கு ஓரூரில் கல்லும் மற்றோரூரில் கைதட்டலும் கிடைத்தன. ஆயினும் போட்ட பணம் திரும்பவில்லை. கருவிகளை விற்றார், நிலையத்தை மூடினார், பல்வைத்தியத்துக்கே திரும்பினார். படச்சுருளின் கதையோ இன்னும் வேதனையானது. வீட்டிலே கிடந்த சுருளை, அதன் அருமை தெரியாத இளைய மகன் சிறு வயதில் விளையாட்டாகத் தீயிட்டு எரித்துவிட்டான். அக்காலப் படச்சுருள் நைத்திரேற்றுச் செலுலோயிட்டால் ஆனது. நெருப்புப் பட்டால் பக்கென்று பற்றிப் பளிச்சென்று எரியும். பிள்ளைகளுக்கு அது மத்தாப்பு.

1956 நவம்பர் 1 இல் மொழிவழி மாநிலங்கள் பிரிந்தபோது அகத்தீஸ்வரம் தமிழகத்தோடு சேர்ந்தது. முதுமையில் வறுமையுற்ற டானியலைப் பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் தேடிக் கண்டு உலகுக்கு அறிமுகப்படுத்தினார். நலிந்த கலைஞருக்கான ஓய்வூதியம் கேட்டு விண்ணப்பித்தபோது, நீர் தமிழ்நாட்டுக்காரர், அங்கே கேளும் என்று கேரளத்திலிருந்து பதில் வந்தது. மலையாளத்தின் முதற் படம் 1938 இல் வந்த பேசும் படமான 'பாலன்' என்று வாதிட்டோரும் இருந்தனர். பேச்சே இல்லாத படத்துக்கு மொழி ஏது என்பது அவர்கள் கேள்வி. வேடிக்கை என்னவென்றால், அந்தப் 'பாலன்' படத்தைத் தயாரித்ததே சேலத்து மொடேர்ன் தியேட்டர்ஸ்தான். டானியல் 1975 ஏப்ரலில் காலமானார். 1992 இல் கேரள அரசு தனது மிக உயர்ந்த திரைப்பட விருதுக்கு அவருடைய பெயரைச் சூட்டியது. உயிரோடு இருந்தபோது ஓய்வூதியத்துக்கு ஆகாத பெயர், இறந்தபின் விருதுக்கு ஆகியது.

ரோசியின் பெயர் எழ இன்னும் காலமாயிற்று. வினு ஆபிரகாம் அவரை நாயகியாக்கி 'நஷ்டநாயிகா' என்ற மலையாள நாவலை எழுதினார். கமல் இயக்கிய 'செலுலோயிட்' என்ற படம் 2013 இல் டானியலின் கதையைச் சொன்னது. 2019 இல் கேரளத்துத் திரைப்படப் பெண்கள் ரோசியின் பெயரிலே ஒரு திரைப்படச் சங்கம் அமைத்தனர். 2023 பெப்ரவரியில் கூகுள் நிறுவனம் தன் முகப்பில் அவருடைய ஓவியத்தை இட்டது. ஓவியந்தான் இட முடிந்தது. ஐயத்துக்கு இடமில்லாத ஒரு புகைப்படம் கூட அவருக்கு இல்லை.

யப்பானோடு ஒப்பிட்டுப் பார்க்கும்போது இதன் பாரம் தெரிகிறது. அங்கும் மௌனப்படங்களில் பெரும்பகுதி அழிந்துதான் போயிற்று. 1923 செப்டெம்பர் பூகம்பமும், உலகப்போரின் குண்டுவீச்சும் எண்ணற்ற சுருள்களைச் சாம்பலாக்கின. புகழ்பெற்ற ஓசுவின் முதற் படமே இன்று இல்லை. ஆனாலும் அவருடைய 1932 ஆம் ஆண்டுப் படமான 'பிறந்தேன், ஆனால்...' எஞ்சியிருக்கிறது. அப்பா தன் முதலாளிக்கு முன்னால் கோமாளித்தனம் செய்வதைக் கண்டு, இரண்டு சிறுவர்கள் கோபித்துச் சாப்பிட மறுக்கும் கதை. அன்றைய தோக்கியோவின் புறநகர்ப் பகுதி, வேலியோரத்து விளையாட்டு, கடந்து போகும் புகைவண்டி, சோற்று உருண்டை எல்லாம் அதிலே உயிரோடு இருக்கின்றன. யப்பானியர் தம் பாட்டன் காலத்துத் தெருவைப் பார்க்க விரும்பினால் பார்க்கலாம்.

எமக்கு அந்த வாய்ப்பு இல்லை. இலங்கையில் எடுக்கப்பட்ட முதற் கதைப்படம் என்று கருதப்படும் 'ராஜகீய விக்கிரமய', 1925 இல் நூர்பாய் என்பவரால் தயாரிக்கப்பட்டது. பிற்காலத்தில் இந்நாட்டின் நிதியமைச்சராக விளங்கிய என். எம். பெரேரா அதில் நடித்தார். இலங்கை மக்கள் பார்க்குமுன்பே அதுவும் தீக்கு இரையாயிற்று. தென்னிந்திய மௌனப்படங்களிலே முழுமையாகக் கிடைப்பது 1933 ஆம் ஆண்டு 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றுதான். அது எஞ்சியதும் எவரும் பாதுகாத்ததால் அன்று. நாவலின் உரிமை பற்றிய வழக்கினால் படம் முடக்கப்பட்டு, புத்தக நிறுவனம் ஒன்றின் வசமே கிடந்தது. 1974 இல் அதைப் பூனேயிலுள்ள தேசியத் திரைப்படக் காப்பகம் மீட்டது. வழக்குப் போட்டவர்கள் பேரில் வரலாறு நன்றி சொல்லவேண்டியிருக்கிறது!

பெரியவை தம்மைத் தாமே காத்துக்கொள்ளும். அரண்மனைக்குக் காவல் இருக்கும். கோயிலுக்கும் பள்ளிவாசலுக்கும் பரிபாலன சபை இருக்கும். அன்றாட வாழ்க்கைக்குக் காவல் இல்லை. எப்போதும் இருக்கும் என்று எண்ணுவதால், அதை எவரும் எடுத்து வைப்பதில்லை. 2004 டிசெம்பர் 26 காலையில் எங்கள் கரையோரத்தில் இதைக் கண்ணால் கண்டோம். உயிர்களோடும் வீடுகளோடும், கல்யாணப் படங்களும் கடிதங்களும் பள்ளிக்கூட மலர்களும் நாடக அழைப்பிதழ்களும் கடலோடு போயின. உயிரிழப்புக்கு முன் அவை சிறியவைதாம். ஆயினும், முப்பது நாற்பது ஆண்டுகளுக்கு முன் மருதமுனைத் தறியோரத்தில் மக்கள் எப்படி இருந்தார்கள், காரைதீவில் கூத்துக் களரி எப்படி இருந்தது என்று ஒரு பேரப்பிள்ளை கேட்டால், எடுத்துக் காட்ட எம்மிடம் என்ன இருக்கிறது?

ஆகவே நேயர்களிடமும் வாசகர்களிடமும் ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டு அலுமாரியில் பழைய படமாளிகைத் துண்டுப்பிரசுரமோ, நாடக அறிவித்தலோ, கூத்துக் கொப்பியோ, வேடம் புனைந்தவர்கள் கூடி நின்று எடுத்த புகைப்படமோ இருந்தால், பழங்கடதாசி என்று எரித்துவிடாதீர்கள். பின்புறத்தில் பெயர்களை எழுதி வையுங்கள். ஓரத்தில் நிற்பவரின் பெயரையும் எழுதுங்கள். பாய் விரித்தவர், விளக்குப் பிடித்தவர், பெண்வேடம் போட்டவர் எல்லோருடைய பெயரையும் எழுதுங்கள். ஊரிலே மூத்த ஒரு ஆச்சியோ உம்மாவோ தன் இளமைக்காலத்தைப் பற்றிப் பேசத் தொடங்கினால், பத்து நிமிடம் இருந்து கேளுங்கள்.

நாகர்கோவிலிலே ராஜம்மாளுக்கும் அப்படி ஒரு மாலைப்பொழுது கிடைத்திருந்தால், யாரேனும் ஒருவர் அருகில் இருந்து, 'அம்மா, நீங்கள் சின்ன வயதில் என்ன செய்தீர்கள்?' என்று அச்சமூட்டாமல் கேட்டிருந்தால், காக்காரிசியின் பாட்டையும், கமராவுக்கு முன் நின்ற அந்தப் பத்து நாட்களையும் அவர் வாயாலேயே நாம் அறிந்திருப்போம்.